கண்ணால் கண்டதை மட்டும் சொன்னவர்

மதிப்பிற்குரிய ஐயா, அம்மையீர்,

இதைப் படிக்க அமர்ந்த தங்களுக்கு என் வணக்கம். நான் பள்ளிக்கூடம் சென்று படித்தவன் அல்லன். பாகாலாவிலிருந்து சித்தூருக்குச் செல்லும் சாலையை ஒட்டிய எங்கள் ஊரில், ஓர் உரக்கடையில் மூட்டை இறக்கியும் பின்னர் சீட்டு எழுதியும் இருபத்தெட்டு ஆண்டுகள் பிழைத்தவன். மூட்டைகளின் மேல் தெலுங்கிலும் தமிழிலும் அச்சிட்டிருந்ததை எழுத்துக் கூட்டிப் படித்தே இரண்டு மொழிகளையும் கற்றுக்கொண்டேன். ஆகையால் நடையில் பிழை இருப்பின் பொறுத்தருள வேண்டும். செய்தியில் பிழை இராது.

நான் எழுத முற்பட்டது ஒரு மனிதரைப் பற்றி. அவருடைய பெயரை எழுதப் போவதில்லை. அவர் இறந்தபோது ஊர் முனையில் இளைஞர்கள் கட்டிய பேனரில், அவருடைய படத்தின் கீழே, "பொய் அறியாதவர்" என்று பெரிய எழுத்தில் போட்டிருந்தார்கள். கருமாதிக்கு வந்தவர்கள் அனைவரும் அதைப் படித்துத் தலையசைத்துச் சென்றார்கள். அந்தப் பேனரில் இருந்த சொல்லில் குற்றம் ஒன்றும் இல்லை. குற்றம் இல்லாமையால்தான் இதை எழுத வேண்டியதாயிற்று.

அவரிடம் எவரேனும் ஒன்றைக் கேட்டால் உடனே விடை வராது. தோளில் கிடக்கும் துண்டை எடுப்பார், உதடுகளைத் துடைப்பார், துண்டை நான்காக மடித்து மறுபடியும் தோளில் போடுவார். அதன் பிறகே வாய் திறப்பார். கேட்டதற்கு மட்டும் விடை சொல்வார். ஒரு சொல் கூடவும் இராது, குறையவும் இராது. முடிவில், "கண்ணால பார்த்ததை வாயால சொல்றேன், அவ்ளோ தான்" என்பார். இது அவருடைய முத்திரை போன்றது. சிறு பிள்ளைகள்கூடத் துண்டை மடிப்பது போல் பாவனை செய்து இதைச் சொல்லிக் காட்டுவார்கள்.

பலமனேர் சந்தைக்கு எங்கள் தெருக்காரர் ஒருவர் தம் பசுவை ஓட்டிச் சென்றபோது இவரும் பேச்சுத் துணைக்குச் சென்றிருந்தார். விலை படிந்து, வியாபாரி கயிற்றைக் கையில் வாங்கும் நேரம். வியாபாரி ஏதோ பேச்சுவாக்கில் இவரைப் பார்த்து, "பெரியவரே, மாடு ஒதைக்குமா?" என்று கேட்டுவிட்டான். துண்டு தோளிலிருந்து இறங்கியது, மடிந்தது, ஏறியது.

"நேத்து காலையில ஒரு தரம் ஒதைச்சுது. பார்த்தேன்."

வியாபாரி கயிற்றை விட்டுவிட்டான். திரும்பி வரும் வழியெல்லாம் மாட்டுக்காரர் இவரைத் திட்டிக்கொண்டே வந்தாராம்.

"உன்ன எவன்யா வாயத் தொறக்கச் சொன்னது?"

"அவன் தான். கேட்டான் இல்ல?"

"ஈக்கு ஒதைச்ச மாட்டைப் போயி..."

"ஈக்கு ஒதைச்சுதான்னு அவன் கேக்கலியே."

அன்றிலிருந்து, சந்தைக்கு மாடு ஓட்டுகிறவர்கள் இவரை வீட்டில் கட்டிவிட்டு மாட்டை அவிழ்க்க வேண்டும் என்பது தேநீர்க் கடையின் நிரந்தரக் கேலியாயிற்று. அவரும் அங்கேயே அமர்ந்து அதைக் கேட்டுக்கொண்டு தேநீர் குடிப்பார். கோபம் வந்ததை நான் கண்டதில்லை.

இன்னொருவருடைய மோட்டாரின் செப்புக் கம்பியை எவனோ அறுத்துச் சென்றுவிட்டான். கம்பி இழந்தவர் பயிர் காய, மூன்று நாள் தலையில் கை வைத்துக்கொண்டு ஊரெல்லாம் அலைந்தார். மூன்றாம் நாள் இவரை வழியில் கண்டு, "நீ எதுனா பார்த்தியாண்ணா?" என்றார். இவர் துண்டை மடித்தார். திருடனின் பெயரையும், அவன் எந்த வரப்பு வழியாகப் போனான் என்பதையும் சொன்னார்.

"மொத நாளே சொல்லக் கூடாதா?" என்று அவர் அழாத குறையாகக் கேட்டார்.

"மொத நாளு நீ என்னைக் கேக்கலியே."

இவ்வளவையும் சிரிப்போடு சொல்லிவிடலாம். அடுத்ததைச் சொல்லும்போது எங்கள் ஊரில் எவரும் சிரிப்பதில்லை. இவருடைய ஒரே மகன் இருசக்கர வண்டியில் வரும்போது சாலையோரம் நடந்த ஒரு முதியவர் மீது மோதினான். முதியவருக்கு இடுப்பெலும்பு முறிந்தது. விசாரிக்க வந்த காவலர் வீட்டு வாசலில் நின்று, "பையன் குடிச்சிருந்தானா?" என்றார். தாய் கதவருகே நின்று இரு கைகளையும் கூப்பி, கணவரைப் பார்த்துத் தலையை ஆட்டினாள். இவர் அவளையும் பார்த்தார்; துண்டையும் மடித்தார். "குடிச்சான். ரெண்டு கிளாஸ். பார்த்தேன்" என்றார். மகன் சிறையிலிருந்து வெளிவந்ததும் திருப்பதிக்குச் சென்று ஏதோ ஒரு தங்கும் விடுதியில் வேலைக்குச் சேர்ந்தான். பிறகு ஊருக்கு வரவே இல்லை. மனைவி அன்று தொடங்கிக் கணவரோடு பேசியதில்லை. "சோறு வெச்சிருக்குது" என்று சுவரைப் பார்த்துச் சொல்வாள். அவர் வந்து அமர்ந்து உண்பார்.

பெற்ற மகனுக்கே சலுகை காட்டாதவர் என்பதனால் அவருடைய சொல்லுக்கு விலை ஏறிற்று. எங்கள் ஊர்ப் பஞ்சாயத்தில் அவர் ஒன்றைச் சொல்லிவிட்டால் மறுபேச்சு இல்லை. நானும் அவரை மதித்தேன். அதிகமாகவே மதித்தேன் என்று இப்போது எழுதுகிறேன்.

இனி அந்தத் தோட்டத்தின் செய்தி.

அவருடைய நிலத்துக்கு மேற்கே ஒரு மாந்தோட்டம். ஓர் ஏக்கர் நாற்பது சென்ட். எல்லாம் தோத்தாபுரி மரங்கள். தோட்டத்துக்குள்ளேயே இரண்டு அறை வீடு. அதன் சொந்தக்காரர் மனைவியை இழந்தவர், பிள்ளை இல்லை. பலமனேர்ப் பக்கத்துச் சிற்றூரில் சிறு வயதிலேயே கணவனை இழந்த ஒரு பெண்ணை அவர் ஒருநாள் அழைத்து வந்தார். கைம்பெண்ணுக்கு மறுதாலி என்றால் இரு வீட்டாரும் வெட்டுப்பழி குத்துப்பழி என்று நிற்பார்கள் என்று அஞ்சி, வீட்டுக்குள் விளக்கை ஏற்றி வைத்து அதன் முன் தாலி கட்டினார். சாட்சி அந்த விளக்குதான். அந்த அம்மாளின் ரேஷன் அட்டையும் ஆதாரும் தாய் வீட்டு முகவரியிலேயே இருந்தன. மாற்ற வேண்டும், மாற்ற வேண்டும் என்று சொல்லிக்கொண்டே இருபத்திரண்டு ஆண்டுகள் போயின.

முதல் சில மாதங்கள் ஊர் முணுமுணுத்தது. பிறகு அந்த அம்மாள் குடத்தில் சுமந்து ஊற்றிய தண்ணீரில் கன்றுகள் தழைத்ததைப் பார்த்து ஊர் வாயை மூடிக்கொண்டது. இளையவர்கள் அவளை "அண்ணி" என்றார்கள். நான் எழுதும் மனிதரும் "அண்ணி" என்றுதான் அழைத்தார். அவள் அவரைத் "தம்பி" என்பாள். என்னை, வயதில் மூத்தவன் என்பதால், "மாமா" என்பாள்.

தோட்டக்காரர் ஒரு மாங்காய்ப் பருவத்தில் மாரடைப்பால் இறந்தார். எங்கள் வழக்கப்படி தோட்டத்து மூலையிலேயே அவரை அடக்கம் செய்தார்கள். பதினாறாம் நாள் கழிந்ததும், இறந்தவருடைய அண்ணன் மகன், திருப்பதியில் வாடகைக் கார்கள் ஓட்டும் தொழில் செய்பவன், தானே ஒரே வாரிசு என்று அடங்கலில் பெயர் மாற்றக் கோரி விண்ணப்பித்துவிட்டான். அடங்கல் என்பது நிலத்தின் உரிமையாளர் யார், அதை அனுபவத்தில் வைத்திருப்பவர் யார் என்று இரண்டு கட்டங்களில் காட்டும் அரசுப் பதிவு. கிராம அலுவலகத்தில் ஒட்டிய அறிவிப்பை நான்தான் அந்த அம்மாளுக்குப் படித்துச் சொன்னேன். ஆட்சேபணை மனுவையும் நான்தான் எழுதினேன்.

விசாரணைக்கு வருவாய் ஆய்வாளர் தோட்டத்துக்கே வருவதாக நாள் குறித்தார். நாற்புறத்து எல்லைக்காரர்களும் என்ன சொல்கிறார்கள் என்பதே அத்தகைய விசாரணையில் முக்கியம். முதல் நாள் மாலை தேநீர்க் கடையில் மூன்று எல்லைக்காரர்கள் கூடி, "அண்ணி தான் பொண்டாட்டி, நாங்க கண்ணால பார்த்தோம்னு சொல்லிடுவோம்" என்று முடிவு செய்தார்கள். கிழக்கு எல்லைக்காரர், அதாவது நம் மனிதர், அங்கில்லை.

"அவருகிட்ட யாரு பேசறது?" என்றார் ஒருவர்.

"பேசறதா? நாளைக்கு ஒரு நாளு மலைக்கு அனுப்பிடலாம். சர்வ தரிசனத்துல நின்னா ராத்திரிக்குள்ள வரமாட்டாரு."

"வரிசையில நின்னுகினு பெருமாளையே எதுனா கேட்டுடுவாரு."

"கேக்க மாட்டாரு. பெருமாளு கேட்டா தான் சொல்லுவாரு."

எல்லோரும் சிரித்தோம். சிரித்துவிட்டு வீட்டுக்குப் போனோம். இரண்டு பேரைக் கேட்டதும் ஆய்வாளர் நிறுத்திக்கொள்வார் என்று நினைத்தோம். எங்கள் ஊரார் செய்த பிழை இதுவே.

மறுநாள் ஆய்வாளர் மரத்தடியில் நாற்காலி போட்டு அமர்ந்தார். அவருக்குத் தமிழ் வராது. என்னை அழைத்து அருகே ஒரு முக்காலியில் உட்காரச் செய்து, சொல்வதை மொழிபெயர்த்து எழுதும்படி பணித்தார். ஓர் அரசு அதிகாரியின் பக்கத்தில் ஊர் பார்க்க அமர்ந்தது எனக்கு அதுவே முதல் முறை. வடக்கு எல்லைக்காரரும் தெற்கு எல்லைக்காரரும் பேசியபடியே சொன்னார்கள். ஆய்வாளர் பேனாவை மூடப் போனார்.

"சார், கிழக்கு எல்லைக்காரரையும் கேளுங்க. ஊர்ல பொய் சொல்லாதவரு அவரு தான்" என்றான் அண்ணன் மகன்.

ஆய்வாளர் தெலுங்கில் கேட்டார்: இந்த அம்மாளுக்கும் இறந்தவருக்கும் திருமணம் நடந்ததை நீர் பார்த்தீரா? நான் தமிழில் சொன்னேன். துண்டு இறங்கியது. அந்த அம்மாள் புடவைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டாள்.

"தாலி கட்டினதை நான் பார்க்கல."

ஆய்வாளர் மற்ற இருவரின் பக்கம் திரும்பினார். "மீரு சூசினாரா?" நீங்கள் பார்த்தீர்களா என்று பொருள்; அதை எவரும் மொழிபெயர்க்க வேண்டியிருக்கவில்லை.

"அது வந்து சார்... ஊர்ல எல்லாருக்கும் தெரிஞ்சது தான்..."

"பார்த்தீங்களா இல்லையா?" என்று தெலுங்கிலேயே அதட்டினார் ஆய்வாளர்.

"பார்க்கல சார்" என்றார்கள் இருவரும். நம் மனிதர் எதிரே நிற்கும்போது எங்கள் ஊரில் பொய் சொல்வது கடினம்.

அந்த அம்மாள் ஓடிவந்து அவர் எதிரே நின்றாள். "தம்பி! இருவத்திரண்டு வருசமா என்னை அண்ணின்னு தானே கூப்டுக்கினு இருந்தே! யாரு பொண்டாட்டின்னு அப்டி கூப்டே?"

"ஊரே கூப்ட்டுது, நானும் கூப்டேன். பேரு சொல்லிக் கூப்ட்டா மரியாதையா?" என்றார் அவர். குரலில் கடுமையே இல்லை. "அண்ணி, கொஞ்சம் நவுரு. சார் இன்னும் எதுனா கேப்பாரு."

அவள் விலகி நின்றாள். ஆய்வாளர் வேறொன்றும் கேட்கவில்லை. நான் எழுதியதைப் படித்துக் காட்டி, நம் மனிதரிடம் கையொப்பம் வாங்கினேன்.

காணிப்பாக்கத்து விநாயகர் முன் பொய்ச் சத்தியம் செய்தவன் உருப்பட்டதில்லை என்பது எங்கள் பக்கத்து நம்பிக்கை. தீராத வழக்குகளை அங்கே கொண்டு போவார்கள். குளத்தில் மூழ்கி எழுந்து, ஈரத் துணியோடு சன்னதியில் நின்று சொல்ல வேண்டும். பொய்யன் குளத்துப் படியிலேயே நடுங்கித் திரும்பிவிடுவான். அந்த அம்மாள் ஊர் நடுவில் நின்று, "வா காணிப்பாக்கத்துக்கு! வந்து சத்தியம் பண்ணு" என்று அவரை அழைத்தாள். வரமாட்டார் என்று எதிர்பார்த்தாளோ, வந்தால் மனம் கரைவார் என்று எதிர்பார்த்தாளோ, அறியேன்.

"எப்ப போலாம்?" என்றார் அவர்.

நானும் இன்னும் ஆறேழு பேரும் உடன் சென்றோம். அவர் நிதானமாகக் குளத்தில் இறங்கி மூழ்கினார். சன்னதியில் நீர் சொட்டச் சொட்ட நின்று, "நான் சொன்னதுல பொய் இல்ல" என்றார். குரல் நடுங்கவில்லை. ஏன் நடுங்கும்? அவர் சொன்னதில் பொய் இல்லையே.

அத்துடன் அந்த அம்மாளின் கதை ஊரைப் பொறுத்தவரை முடிந்தது. பொய்யனைப் பிடிக்கும் வலையில் மெய்யன் விழவில்லை; ஆகவே வலையை விரித்தவள்தான் பொய்க்காரி என்று ஊர் தீர்மானித்தது. நேற்றுவரை அண்ணி என்றவர்கள் "அந்தப் பொம்பளை" என்றார்கள். தெற்கு எல்லைக்காரரின் மனைவி, தன் மகள் நிச்சயதார்த்தத்துக்கு அவளை அழைக்கவில்லை.

திரும்பும் ஆட்டோவில் அவளும் அவரும் நானும் ஒரே இருக்கையில் நெருங்கி அமர்ந்திருந்தோம். அவளிடம் கோபமும் மிஞ்சவில்லை. வெளியே பார்த்தபடி, தனக்குத்தானே கேட்பவள் போல, "நான் அந்தத் தோட்டத்துல பாடுபட்டதையாவது நீ பார்த்தியா தம்பி?" என்றாள்.

"பார்த்தேன் அண்ணி. வந்த நாள்ல இருந்து பார்க்கறேன். கன்னுக்கெல்லாம் நீ தானே தண்ணி ஊத்தினே."

நான் அதிர்ந்தேன். "அதை அன்னைக்கே அந்த ஆர்.ஐ. கிட்ட சொல்லி இருக்கக் கூடாதா?"

"அவரு கேக்கலியே அண்ணா. கல்யாணத்தைப் பார்த்தியான்னு தான் கேட்டாரு."

மண்டல அலுவலகத்தில் பதிவு அண்ணன் மகன் பெயருக்கு மாறிவிட்டது. எனினும் மேல் அதிகாரியிடம் முறையிடக் கால அவகாசம் இருந்தது. உரிமையாளர் கட்டத்தில் இல்லாவிட்டாலும், அனுபவத்தில் வைத்திருப்பவர் என்ற கட்டத்தில் அவள் பெயர் ஏறிவிட்டால், அவளை அவ்வளவு எளிதாக வெளியேற்ற முடியாது. மனுவை இரண்டு நாள் அமர்ந்து எழுதினேன். சாட்சியாக அவர் பெயரையே போட்டேன். கேட்டதும் ஒப்புக்கொண்டார். விசாரணை நாளன்று தம் கைக்காசில் பேருந்து ஏறி, எங்களுக்கு முன்பாகவே வந்து மரநிழலில் காத்திருந்தார். வழியில் வாங்கிய வாழைப்பழத்தில் இரண்டை அந்த அம்மாளுக்குக் கொடுத்தார். அவள் வாங்கி உண்டாள். அவள் முகத்தில் பல மாதங்களுக்குப் பிறகு அன்றுதான் ஒளி கண்டேன்.

அதிகாரி பொறுமையானவர். எனக்கு நாற்காலி கொடுத்தார். என் தெலுங்கைக் கேட்டு, "எங்கே படித்தீர்கள்?" என்று வினவினார். பிறகு சாட்சியைக் கேட்டார்: இந்தத் தோட்டத்தில் இந்த அம்மாள் வேலை செய்ததைப் பார்த்தீரா?

"பார்த்தேன். இருவத்திரண்டு வருசம். தண்ணி ஊத்தினாங்க, களை எடுத்தாங்க, காய் பறிச்சு வண்டி ஏத்தினாங்க. எல்லாம் பார்த்தேன்."

அதிகாரி எழுதிக்கொண்டார். அந்த அம்மாள் என் சட்டை முனையை இறுகப் பிடித்தாள். அப்போது அண்ணன் மகன் தன் வழக்கறிஞரின் காதில் ஏதோ சொன்னான். அவன் சிறுவனாகப் பள்ளி விடுமுறைகளை அந்தத் தோட்டத்தில்தான் கழித்தவன்; அவள் கையால் உண்டு வளர்ந்தவன். வழக்கறிஞர் எழுந்தார்.

"மத்தியானம் இந்தம்மா யாரோட உக்காந்து சாப்பிடுவாங்க?"

துண்டு மடிந்தது. "கூலிக்கு வந்த பொம்பளைங்களோட."

"எப்பவாவதா, எப்பவுமா?"

"எப்பவும். அதே சட்டியில இருந்து களி எடுத்துத் துன்னுவாங்க."

"நிலத்துக்காரர் பக்கத்துல உக்காந்து ஒரு நாளாவது சாப்பிட்டதைப் பார்த்தீங்களா?"

"இல்ல. பார்க்கல."

ஊரறியத் தாலி ஏறாத பெண், பட்டப்பகலில் வரப்பின் மேல் அவரருகே அமர்ந்தால் கூலிப் பெண்கள் முதுகுக்குப் பின்னே சிரிப்பார்கள். அதற்கு நாணியே அவள் இருபத்திரண்டு ஆண்டுகளும் அவர்களோடு அமர்ந்து உண்டாள். அவர் கண்டது முழுவதும் உண்மை.

அதிகாரி பேனாவை நிறுத்தினார். என்னைப் பார்த்து, மரியாதையோடு, "உங்கள் தரப்பில் சாட்சியிடம் இன்னும் ஏதாவது கேட்க வேண்டுமா?" என்றார்.

ஐயா, அம்மையீர், என் வாழ்நாளில் எவரும் என்னிடம் அப்படி ஒரு வாய்ப்பைத் தந்ததில்லை. அறையில் அனைவரும் என்னையே பார்த்தார்கள். இந்த மனிதரிடம் இன்னொரு கேள்வியைக் கேட்டால் இன்னொரு கத்தி வெளிவரும் என்று அஞ்சினேன். நல்ல தெலுங்கில், குரலைத் தாழ்த்தி, "லேதண்டி" என்றேன். இல்லை ஐயா என்று பொருள்.

ஆணை வந்தது. நான்தான் படித்துச் சொன்னேன். அந்த அம்மாள் தோட்டத்தில் பணிபுரிந்த விவசாயக் கூலித் தொழிலாளி என்றும், அனுபவ உரிமை கோர இடமில்லை என்றும் இருந்தது. அவள் படிப்பறிவில்லாதவள். நான் சொல்லி முடித்த பிறகும் அந்தக் காகிதத்தை வாங்கி, அதில் தன் பெயர் எந்த இடத்தில் இருக்கிறது என்று காட்டச் சொன்னாள். காட்டினேன். "பக்கத்துல இன்னா போட்டுக்கீது?" என்றாள். "கூலி" என்றேன். விரலை அந்தச் சொல்லின் மேல் வைத்துப் பார்த்தாள்.

அண்ணன் மகன் கல்தூண் நட்டுக் கம்பி வேலி போட்டான். வீட்டுக் கதவைக் கழற்றி எடுத்துச் சென்றான். அவள் பலமனேர்ப் பக்கம் தன் உடன்பிறந்த தம்பி வீட்டுக்குப் போய், தக்காளித் தோட்டங்களில் கூலிக்குச் செல்லலானாள்.

முதலாண்டுத் திவசத்தன்று வந்தாள். தன்னைத் தவிரச் செய்வதற்கு எவரும் இல்லை என்றாள். ஒரு செம்பில் பாலும், காகிதத்தில் சுற்றிய வடையுமாக வேலியருகே வெகுநேரம் நின்று, பிறகு கம்பியைத் தூக்கிக் குனிந்து உள்ளே நுழைந்தாள். புதைத்த இடத்தில் பாலை ஊற்றினாள். கம்பி கிழித்த முதுகில் ரவிக்கையெல்லாம் இரத்தம். நான் சாலையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். கிழக்கே தம் நிலத்தில் அவரும் நின்று பார்த்தார்.

இரண்டு நாள் கழித்து அண்ணன் மகன் வந்தான். வேலிக்குள் யாராவது வந்தார்களா என்று அவரைக் கேட்டான். அவர் என்ன சொல்லியிருப்பார் என்று தங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. காவலர்கள் அவளுடைய தம்பி வீட்டுக்குச் சென்று, இனி அந்த நிலத்தில் கால் வைத்தால் அத்துமீறல் வழக்கு என்று அவளிடம் எழுதி வாங்கினார்கள். அடுத்த ஆண்டு அவள் வரவில்லை. பிறகும் வரவில்லை.

காவலர்கள் அவளிடம் எழுதி வாங்கிய அன்று மாலை என்னால் பொறுக்க முடியவில்லை. அவர் நிலத்துக்கே சென்றேன். அவர் வரப்பில் அமர்ந்து மேற்கே, கதவில்லாத அந்த வீட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஏன்யா, உனக்கு மனசுன்னு ஒன்னு கீதா?" என்றேன். "அந்தப் பொம்பளை செத்துப்போன தோட்டக்காரன் பொண்டாட்டி இல்லியா?"

"பொண்டாட்டி தான்" என்றார். துண்டைத் தொடவில்லை. "பொழுது சாய்ஞ்சா அந்த வூட்ல வெளக்கு ஏத்தறது அண்ணி தான். கதவைச் சாத்தறது அண்ணி தான். காலையில கோலம் போடறதும் அண்ணி தான். இங்கேருந்து தெனமும் பார்த்துக்கினு தான் இருந்தேன். கூலிக்காரி பொழுது சாய்ஞ்சா வூட்டுக்குப் போயிடுவா இல்ல?"

"இதை... இதை அந்த அதிகாரி கிட்ட..."

"கேட்டிருந்தா சொல்லி இருப்பேன் அண்ணா. நீ கேப்பேன்னு பார்த்துக்கினே இருந்தேன்." அவர் முதன்முறையாக என்னை நேராகப் பார்த்தார். "அவரு உன்னைத் தானே கேட்டாரு, இன்னும் எதுனா கேக்கணுமான்னு? நீ தானே அண்ணா ஒன்னும் இல்லன்னே?"

அவர் அதை என்னைக் குத்துவதற்காகச் சொல்லவில்லை. கேட்டேன்; சொன்னார். பிறகு எழுந்து, கால் மண்ணைத் தட்டிவிட்டு, சுவரைப் பார்த்துப் பேசும் மனைவி வைத்திருந்த சோற்றை உண்ணச் சென்றார். பல ஆண்டுகள் அவ்வாறே உண்டு, நோயின்றி வாழ்ந்து, உறக்கத்தில் இறந்தார். பேனர் மழையில் கிழியும் வரை தொங்கியது.

இச்செய்தியை எந்த அலுவலகமும் என்னிடம் கேட்கவில்லை. இனிக் கேட்கப் போவதும் இல்லை. கேட்காமலேயே சொல்கிறேன்: அந்தத் தோட்டத்து வீட்டில் இருபத்திரண்டு ஆண்டுகள் வாழ்ந்தவள், அங்கே புதைக்கப்பட்டவரின் மனைவி. கூலி அல்லள். இதை எழுதியவன் அதை அறிந்திருந்தும், கேட்க வேண்டிய இடத்தில் கேட்காதவன்.

இந்தத் தாள்களைத் தாங்கள் எறிந்துவிடாமல் வைத்திருக்க வேண்டுமென்று கேட்டுக்கொள்கிறேன்.